தேயிலைத் தோட்டக் கதையில் தொடங்கிய திரைப்பயணம்: கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன்

ஹட்டனிலிருந்து நோட்டன் பிரிட்ஜ் நோக்கிச் செல்லும் பாதையில் பயணம் செய்வோர், தேயிலை மலைகளுக்கிடையே கெசல்கமுவ ஓயாவின் நீர் அணைக்கட்டில் தேங்கி நிற்பதைக் காண்பர். இந்நீரைக் கொண்டு 1950ஆம் ஆண்டு லக்ஷபான மின்நிலையம் இயங்கத் தொடங்கியது. இங்கிருந்து சென்ற மின்சாரம் தலைநகருக்கு ஒளியூட்டியபோதும், அணைக்கட்டை அண்டிய லயக் காம்பராக்களில் பல ஆண்டுகள் குப்பி விளக்கே எரிந்தது. அந்த இருளிலும் நம்மவருக்குச் சிரிப்பதற்கு ஏதோ ஒன்று தேவைப்பட்டது. ஹட்டன் நகரின் திரையரங்கிலும், பின்னர் இலங்கை வானொலியின் வாயிலாகவும் அச்சிரிப்பு மலையகத்துக்கு வந்து சேர்ந்தது. அவ்வாறு வந்தோருள் முதன்மையானவர் கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன்.

நகைச்சுவை நடிகராகவே அவரைப் பலரும் அறிவர். ஆனால் நாடகக் கலைஞர், வில்லிசைப் பாடகர், தயாரிப்பாளர், இயக்குநர் எனப் பல துறைகளிலும் கால் பதித்த முழுமையான திரைக்கலைஞர் அவர் என்பது இளைய தலைமுறையினரால் பெரிதும் உணரப்படவில்லை. அவரது திரைப்பயணம் நமது தேயிலைத் தோட்டங்களோடு தொடர்புடைய ஒரு கதையிலேயே ஆரம்பமானது என்பதும் நம்மில் பலருக்குத் தெரியாது. ஆகவே அன்னாரின் வாழ்வைச் சற்று விரிவாக நோக்குவது பொருத்தமாகும்.

1908ஆம் ஆண்டு நவம்பர் 29ஆம் திகதி, அன்றைய திருவிதாங்கூர் சமஸ்தானத்துக்கு உட்பட்டிருந்த நாகர்கோவிலின் ஒழுகினசேரியில் சுடலைமுத்து, இசக்கியம்மாள் தம்பதியரின் மகனாகக் கிருஷ்ணன் பிறந்தார். வறுமை அக்குடும்பத்தின் நிரந்தர விருந்தாளியாக இருந்தது. தொடக்கக் கல்வியோடு பள்ளிப் படிப்பு நின்றது. டென்னிஸ் மட்டைக்கு நரம்பு கட்டும் வேலையும், நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்கும் வேலையும் சிறுவனின் தோளில் ஏறின. விற்பனைக்காகச் சென்ற கொட்டகையே அவரது பாடசாலையாக மாறியது. மேடையில் பேசப்படுவதையும் பாடப்படுவதையும் கேட்டுக் கேட்டே மனத்தில் பதித்துக் கொண்டார். தென்பாண்டி நாட்டுக்கும் நாஞ்சில் நாட்டுக்கும் உரிய வில்லுப்பாட்டுக் கலையும் இளமையிலேயே அவருக்கு வசமானது.

1920களின் நடுப்பகுதியில் டி.கே.எஸ். சகோதரர்களின் ஸ்ரீ பால சண்முகானந்த சபையில் அவர் இணைந்தார். அக்காலத்து பாய்ஸ் கம்பெனிகள் கண்டிப்புக்குப் பேர் போனவை. பாட்டு, வசனம், ஒப்பனை, திரை கட்டுதல் என அனைத்தையும் அங்கு பயின்றே ஆக வேண்டும். எந்த வேடம் கிடைத்தாலும் ஏற்று நடிக்கும் ஆற்றலைக் கிருஷ்ணன் அங்கேயே பெற்றார். பின்னாளில் ஒரு திரைப்படத்தின் எல்லா அங்கங்களையும் தாமே நிர்வகிக்கும் திறன் அவருக்கு வாய்த்தமைக்கு இப்பயிற்சியே அடித்தளம் எனலாம்.

1930களில் தமிழ்த் திரையுலகம் பேசத் தொடங்கிய வேளையில் நாடகக் கலைஞர்கள் திரைக்குப் பெயர்ந்தனர். கிருஷ்ணன் முதலில் ஒப்பந்தமாகி நடித்த படம் 'சதி லீலாவதி'. எனினும் டி.கே.எஸ். குழுவினரின் 'மேனகா' 1935ஆம் ஆண்டிலேயே முந்தி வெளிவந்து விட்டது. 'சதி லீலாவதி' 1936ஆம் ஆண்டு மார்ச் மாதம் திரைக்கு வந்தது. எம்.ஜி. இராமச்சந்திரன், டி.எஸ். பாலையா, கே.ஏ. தங்கவேலு ஆகியோரும் இப்படத்தின் மூலமே திரையில் அறிமுகமாயினர் என்பது குறிப்பிடத்தக்கது.

எஸ்.எஸ். வாசன் எழுதி ஆனந்த விகடனில் தொடராக வெளிவந்த அக்கதை நமக்கு மிக நெருக்கமானது. எம்.கே. ராதா ஏற்ற கதாநாயகன் வசதி படைத்தவன். தீய நட்பினால் மதுவுக்கு அடிமையாகிறான். போதையில் நண்பனைக் கொன்றுவிட்டதாக எண்ணி அஞ்சி இலங்கைக்கு ஓடி வருகிறான். இங்கு தேயிலைத் தோட்டமொன்றில் கூலித் தொழிலாளியாகிப் பாடுபடுகிறான். ஒரு நாள் அவன் கையில் புதையல் அகப்படுகிறது. அதனை நேர்மையுடன் முதலாளியிடம் ஒப்படைத்ததால் அவரது அன்பைப் பெற்றுச் செல்வந்தனாகி ஊர் திரும்புகிறான்.

தேயிலைத் தூரின் அடியில் தேங்காயும் மாசியும் கிடைக்கும் என்று ஆசை காட்டியே நம் முன்னோர் கண்டிச் சீமைக்கு அழைத்து வரப்பட்டனர் என்பது மலையகத்தில் வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி. கதாநாயகனுக்குப் புதையல் கிடைத்தது. கவ்வாத்துக் கத்தியையும் கொழுந்துக் கூடையையும் சுமந்த நம்மவருக்குக் கிடைத்ததோ கடனும் காய்ச்சலுமே. ஆயினும், தமிழ்த் திரையுலகம் தன் தொடக்க ஆண்டுகளிலேயே இலங்கைத் தோட்டத் தொழிலாளியின் உடையை ஒரு கதாநாயகனுக்கு அணிவித்துப் பார்த்தது என்பதை நாம் மறந்துவிடலாகாது.

இப்படத்தை இயக்கியவர் தமிழ் அறியாத அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன். மொழி தெரியாத இயக்குநர் ஒருவரால் சொல்லின் நெளிவு சுளிவிலே பிறக்கும் நகைச்சுவையைக் கட்டியமைப்பது கடினம். கிருஷ்ணன் தமக்குரிய நகைச்சுவைக் காட்சிகளைத் தாமே எழுதி அமைத்துக் கொண்டார். அவரது இயக்குநர் பணி அங்கேயே, பெயர்ப்பலகை ஏதுமின்றி, ஆரம்பமாகி விட்டது எனக் கருத இடமுண்டு. இதே டங்கனின் இயக்கத்தில் 'அம்பிகாபதி' (1937), 'சகுந்தலை' (1940) ஆகிய படங்களிலும் அவர் நடித்தார்.

அதே 1936ஆம் ஆண்டில்தான் சார்லி சாப்ளினின் 'மொடர்ன் டைம்ஸ்' வெளிவந்தது. இயந்திரத்தின் பல்சக்கரங்களுக்கிடையே அகப்பட்ட தொழிலாளியைக் காட்டி உலகத்தைச் சிரிக்கவும் சிந்திக்கவும் வைத்த படம் அது. பிற்காலத்தில் கிருஷ்ணனைத் தென்னகத்தின் சார்லி சாப்ளின் என்று பலரும் போற்றினர். இருவரும் வறுமையில் வளர்ந்தவர்கள். இருவரும் எளியவன் பக்கம் நின்றே நகைத்தவர்கள். ஆயினும் ஒரு வேறுபாடு உண்டு. சாப்ளின் மௌனத்தால் வென்றார். கிருஷ்ணனோ நாட்டார் பாட்டாலும் பேச்சு வழக்காலும் வென்றார். நமது தோட்டங்களில் காமன் கூத்தும் அர்ச்சுனன் தபசும் ஆடப்படும் இரவுகளில் நடுவே தோன்றும் கோமாளி, பெரியவர்களையும் அதிகாரிகளையும் துணிந்து கேலி செய்வான். அதற்காக எவரும் அவனைத் தண்டிப்பதில்லை. அந்தக் கோமாளியின் மரபிலேயே கிருஷ்ணனும் வந்தார்.

புனே நகரில் 'வசந்தசேனா' படப்பிடிப்பின்போது நடிகை டி.ஏ. மதுரத்தின் அறிமுகம் கிடைத்தது. அது திருமணத்தில் முடிந்தது. அதன்பின் இருவரும் இணைந்து நடித்த காட்சிகள் தமிழ்த் திரைப்படத்தின் தனி அத்தியாயமாயின. கணவனின் அறியாமையை மனைவி சுட்டுவதும், மனைவியின் மூடநம்பிக்கையைக் கணவன் கேலி செய்வதுமாக ஒருவரை ஒருவர் விஞ்சும் வகையில் அவை அமைந்தன. பெண் என்பவள் கேலிக்கு இலக்காகி நிற்பவள் மட்டுமல்லள், பதிலடி கொடுக்கும் சம பங்காளியும் ஆவாள் என்பதை மதுரம் திரையில் நிலைநாட்டினார். அவ்வகையில் கலைவாணரின் புகழில் சரிபாதி அவ்வம்மையாருக்கே உரியது.

கிருஷ்ணன் தமக்கெனத் தனியானதொரு நகைச்சுவைக் குழுவை அமைத்துக் கொண்டார். டி.எஸ். துரைராஜ், புளிமூட்டை ராமசாமி போன்றோர் அதில் இடம்பெற்றனர். மூலப்படத்தின் கதையோடு ஒட்டியும் ஒட்டாமலும் செல்லும் நகைச்சுவைப் பகுதியை இக்குழுவினரே எழுதி, பாட்டமைத்து, படமாக்கித் தயாரிப்பாளர்களுக்கு வழங்கும் நடைமுறை உருவானது. ஒரு படத்துக்குள்ளே இன்னொரு சிறு படம் ஓடியது போன்ற ஏற்பாடு அது. 1941ஆம் ஆண்டில், அரபுக் கதை மரபின் வழியாக உலகமெங்கும் பரவிய 'அலிபாபாவும் நாற்பது திருடர்களும்' கதை தமிழில் படமானபோது நாயகன் வேடத்தை ஏற்றவரும் கிருஷ்ணனே. 'கண்ணகி' (1942), 'மங்கம்மா சபதம்' (1943), 'ஹரிதாஸ்' (1944) என அக்காலத்தின் பெருவெற்றிப் படங்கள் பலவற்றில் அவர் இடம்பெற்றிருந்தார்.

புகழின் உச்சியில் நின்றபோதே இடி விழுந்தது. திரையுலகினரைப் பற்றி அவதூறு எழுதி வந்த பத்திரிகையாளர் லட்சுமிகாந்தன் 1944ஆம் ஆண்டு நவம்பரில் சென்னையில் கத்தியால் குத்தப்பட்டு உயிரிழந்தார். இது தொடர்பில் எம்.கே. தியாகராஜ பாகவதரும் கிருஷ்ணனும் கைது செய்யப்பட்டனர். 1945ஆம் ஆண்டு மே மாதம் இருவருக்கும் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. சென்னை உயர் நீதிமன்றத்தில் செய்யப்பட்ட மேன்முறையீடும் தள்ளுபடியானது. வழக்கு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்று, மீண்டும் சென்னை உயர் நீதிமன்றத்தின் விசாரணைக்கே திரும்பி வந்தது. புகழ்பெற்ற சட்டத்தரணி வி.எல். எத்திராஜ் வாதிட்டார். நீதிபதிகள் ஹேப்பல், சகாபுதீன் ஆகியோர் இருவரையும் விடுவித்துத் தீர்ப்பளித்தனர். 1947ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் அவர்கள் சிறையிலிருந்து வெளியே வந்தனர்.

சிறையில் கழிந்த இரண்டு ஆண்டுகளுக்கு மேற்பட்ட காலத்தில் வெளியே பெரும் போராட்டம் நடத்தியவர் மதுரம். எஸ்.வி. சகஸ்ரநாமத்தின் துணையுடன் நாடகக் குழுவைக் கலைய விடாமல் காத்தார். வழக்குச் செலவுக்குப் பணம் திரட்டினார். அவர்களது 'பைத்தியக்காரன்' நாடகம் கிருஷ்ணன்-பஞ்சு இயக்கத்தில் திரைப்படமாகவும் உருவானது. விடுதலையான கிருஷ்ணன் அப்படத்தில் தோன்றியே மீண்டும் மக்களைச் சந்தித்தார். அதே ஆண்டில் நாடகத் தந்தை பம்மல் சம்பந்த முதலியாரால் கலைவாணர் என்னும் பட்டம் அவருக்குச் சூட்டப்பட்டது. இயற்பெயரை மறைத்து நிலைத்துவிட்ட பட்டம் அது.

பாகவதரின் திரைவாழ்வு சிறைவாசத்தோடு சரியத் தொடங்கியது. கலைவாணரோ முன்னிலும் தீவிரமாகப் பணியாற்றினார். சிரிப்பு மூட்டுவதோடு நில்லாமல் சமூகத்துக்கு எதையாவது சொல்லியாக வேண்டும் என்ற முனைப்பு இக்காலப் படங்களில் வெளிப்படையாகத் தெரிகிறது. 1949ஆம் ஆண்டு வெளிவந்த 'நல்லதம்பி' அதற்குச் சான்று. அறிஞர் அண்ணாதுரை திரைக்கு எழுதிய முதற்படம் அது. ஹொலிவூட்டின் 'மிஸ்டர் டீட்ஸ் கோஸ் டு டவுன்' படத்தின் கதையைத் தழுவியது. எதிர்பாராமல் கிடைத்த சொத்தை ஏழைகளுக்குப் பயன்படுத்த முனையும் எளியவனாகக் கலைவாணர் நடித்தார். மதுவிலக்குப் பிரசாரம் படம் முழுவதும் இழையோடியது.

அப்படத்தில் இடம்பெற்ற கிந்தனார் கதாகாலட்சேபம் தமிழ் நகைச்சுவையின் சிகரங்களுள் ஒன்று. கோபாலகிருஷ்ண பாரதியாரின் நந்தனார் சரித்திரத்தின் வடிவத்தை அப்படியே எடுத்துக் கொண்டு, சிதம்பரத்துக்குச் செல்ல ஏங்கும் நந்தனுக்குப் பதிலாகப் பட்டணத்துக்குச் சென்று படிக்க ஏங்கும் ஒடுக்கப்பட்ட சிறுவனைக் கலைவாணர் படைத்தார். நந்தன் தீயிலே புகுந்து முக்தி அடைந்தான். கிந்தனோ கல்வியிலே புகுந்து, பாடசாலைப் பரிசோதகராகத் தன் ஊருக்கே திரும்பி வந்தான். சாதியின் கொடுமையைச் சாடும் நீண்ட சொற்பொழிவு செய்ய முடியாத வேலையை அந்தக் கேலிக் கதை செய்தது.

'நல்லதம்பி' வெளிவந்த 1949ஆம் ஆண்டை மலையக மக்கள் வேறொரு காரணத்துக்காகவும் மறக்க மாட்டார்கள். 1948ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டத்தைத் தொடர்ந்து, தோட்டத் தொழிலாளரின் வாக்குரிமை பறிபோன ஆண்டு அது. நாடற்றவராக்கப்பட்ட தாய் தந்தையர் தம் பிள்ளைகளுக்கு ஐந்தாம் வகுப்போடு நின்றுவிடும் தோட்டப் பாடசாலையையே காட்ட முடிந்தது. அந்நிலையிலிருந்து படித்து மேலெழுந்து, ஆசிரியர்களாகவும் அதிபர்களாகவும் கல்விப் பணிப்பாளர்களாகவும் தாம் பிறந்த தோட்டங்களுக்கே திரும்பியோர் பின்னர் நம்மிடையே தோன்றினர். ஒவ்வொருவரும் ஒரு கிந்தனாரே அன்றோ?

1951ஆம் ஆண்டில் 'மணமகள்' படத்தைத் தயாரித்து இயக்கி, முழுநீள இயக்குநராகக் கலைவாணர் வெளிப்பட்டார். மு. கருணாநிதி வசனம் எழுதினார். பத்மினி கதாநாயகியாக உயர்ந்தது இப்படத்தினாலேயே. இசை பயிலும் ஓர் இளம் பெண்ணுக்குக் குருவாலேயே நேரும் தொல்லையும், அவளது திருமணத்தைச் சூழ்ந்த சிக்கல்களுமே இப்படத்தின் பொருள். சிரிக்க வைப்பதையே தொழிலாகக் கொண்ட ஒருவர் பெண்ணின் துயரத்தைக் கருப்பொருளாகத் தேர்ந்தமை நம் கவனத்துக்குரியது. நகைச்சுவை அங்கு துயரத்தைத் தாங்கிப் பிடிக்கும் ஊன்றுகோலாகவே பயன்பட்டது.

அடுத்து 1952ஆம் ஆண்டு டிசம்பரில் வெளிவந்த 'பணம்' அவர் இயக்கத்தில் உருவானது. 'பராசக்தி'க்குப் பின் சிவாஜி கணேசன் நடித்த இரண்டாவது படம் அது. சிவாஜியும் பத்மினியும் முதன்முதலில் இணைந்ததும் இப்படத்திலேயே. மெல்லிசை மன்னர்களாகப் பின்னர் புகழ்பெற்ற விஸ்வநாதன், ராமமூர்த்தி இருவரும் இணை இசையமைப்பாளர்களாக அறிமுகமானதும் இப்படத்தின் வாயிலாகவே. புதியவர்களை நம்பிப் பொறுப்பை ஒப்படைக்கும் துணிவு இயக்குநர் கிருஷ்ணனிடம் இருந்தது என்பதற்கு இவை சான்றுகள். சீதனம் என்னும் கொடுமையால் சீரழியும் இல்லறத்தை இப்படம் சித்திரித்தது. தமிழர், முஸ்லிம்கள் என்ற பேதமின்றி நம் சமூகங்களின் பெற்றோர் இன்றளவும் சுமந்து திரியும் பாரமல்லவா அது?

தணிக்கையையும் அவர் சிரித்துக் கொண்டே எதிர்கொண்டார். தி.மு.க. என்னும் அரசியல் கட்சியின் பெயர்ச்சுருக்கத்தை நினைவூட்டும் பாடலொன்று அப்படத்தில் இடம்பெற்றது. அவ்வெழுத்துகளுக்குத் திருக்குறளின் பெயரால் வேறு விரிவு கொடுத்து அவர் தப்பித்துக் கொண்டார். தடுத்தவர்களால் குறளைத் தடுக்க முடியவில்லை. கேட்டவர்களுக்கோ பொருள் புரியாமலும் போகவில்லை.

1951ஆம் ஆண்டில் சோவியத் நாட்டுக்குச் சென்று வந்தார். காந்தியடிகளின் வரலாற்றை வில்லிசையாகப் பாடினார். சுப்பு ஆறுமுகம் என்னும் இளைஞரைச் சென்னைக்கு அழைத்து வந்து ஆதரித்தார். அவ்விளைஞர் பின்னர் வில்லிசையின் பெருங்கலைஞராகி, 2022ஆம் ஆண்டில் மறையும் வரை அக்கலையை வளர்த்தார். ஈட்டிய பொருளைக் கலைவாணர் சேர்த்து வைக்கவில்லை. கேட்டவருக்கெல்லாம் கொடுத்தார். வள்ளன்மை அவரது பெருமை. ஆனால் நாளையைப் பற்றிக் கவலைப்படாத அக்கொடை குடும்பத்தை நெருக்கடிக்கு உள்ளாக்கியது என்பதையும் நாம் மறைக்க வேண்டியதில்லை. 1950களின் நடுப்பகுதியில் தங்கவேலு, சந்திரபாபு போன்ற புதியவர்கள் எழுந்தனர். கலைவாணரின் உடல்நலமும் குன்றியது. அந்நிலையிலும் 'ராஜா ராணி', 'மதுரை வீரன்' (1956) ஆகிய படங்களில் தம் முத்திரையைப் பதித்தார்.

1957ஆம் ஆண்டு ஓகஸ்ட் 30ஆம் திகதி சென்னை பொது வைத்தியசாலையில் அவர் காலமானார். 49ஆவது பிறந்த நாளைக் காணவும் அவருக்கு வாய்க்கவில்லை. புதிய 'அம்பிகாபதி' படம் அவர் மறைந்த பின்னரே திரைக்கு வந்தது. மதுரம் 1974ஆம் ஆண்டில் மறைந்தார். சென்னை தியாகராய நகரில் கலைவாணரின் சிலையை 1969ஆம் ஆண்டு ஜனவரியில் முதலமைச்சர் அண்ணாதுரை நோயுற்றிருந்த நிலையிலும் வந்து திறந்து வைத்தார். அதுவே அண்ணா கலந்து கொண்ட கடைசிப் பொதுநிகழ்ச்சியாகவும் அமைந்தது. சென்னையில் உள்ள கலைவாணர் அரங்கம் இன்றும் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.

சிலையும் அரங்கமும் ஒருபுறமிருக்க, அவர் விட்டுச் சென்ற ஒரு நெறி நமக்கு மிக அவசியமானது. தம் நகைச்சுவைக்குப் பெரும்பாலும் அவர் இலக்காக்கியது மூடநம்பிக்கையை, சாதிச் செருக்கை, மதுப் பழக்கத்தை, பணத் திமிரை. இவற்றுக்கு அடுத்தபடியாகத் தம்மையே. பட்டினி கிடப்பவனையோ படிக்க வழியற்றவனையோ பார்த்துச் சிரிக்குமாறு அவர் நம்மைத் தூண்டவில்லை.

இன்று நம் மேடைகளிலும் கைபேசித் திரைகளிலும் நகைச்சுவை என்ற பெயரில் உலவுவனவற்றை இந்த நெறியைக் கொண்டு அளந்து பார்ப்போமாக. தோட்டத்துப் பேச்சு வழக்கைக் கோணலாக்கிப் பேசினால் கைதட்டல் கிடைக்கிறது. முஸ்லிம் மக்களின் பேச்சையும் உடையையும் பாவனை செய்தால் சிரிப்பொலி எழுகிறது. அதிகாலையில் பிரட்டுக்களத்தில் நின்று, மழையில் நனைந்து, அட்டைக் கடியோடு மலையேறும் பெண்ணின் மொழி எவருக்கும் வேடிக்கைப் பொருளன்று. ஊர் ஊராய்ச் சென்று வாணிபம் செய்து பிள்ளைகளைப் படிக்க வைத்த மனிதரின் மொழியும் அவ்வாறே. எளியவனைப் பார்த்துச் சிரிப்பதற்குத் திறமை தேவையில்லை. எளியவனோடு சேர்ந்து நின்று வலியவனைப் பார்த்துச் சிரிப்பதற்கே கலையும் துணிவும் வேண்டும்.

குடியின் கொடுமை நம் தோட்டங்களை விட்டு இன்னும் அகலவில்லை. சம்பள நாளில் அடுப்பு எரியாத வீடுகளும், மாணவர் வருகைப் பதிவேட்டிலிருந்து இடைநடுவில் மறையும் பெயர்களும் அதனைச் சொல்லாமற் சொல்லும். 'சதி லீலாவதி'யின் நாயகன் குடியால் கெட்டே தேயிலைத் தோட்டத்துக்கு வந்தான். நம்மவரிற் சிலரோ தோட்டத்துக்கு வந்தபின் குடியால் கெட்டனர். பிரசங்கங்களும் சுவரொட்டிகளும் சாதிக்காததை ஒரு நல்ல நாடகம், ஒரு குறும்படம், ஒரு வில்லுப்பாட்டு சாதிக்கக்கூடும். மலையகத்தின் இளங்கலைஞர்களிடம் கைபேசி இருக்கிறது. காட்சியாக்கும் திறனும் இருக்கிறது. கலைவாணரின் வழியை அவர்கள் கற்பார்களாயின், நோட்டன் பிரிட்ஜின் ஏதோவொரு லயத்திலிருந்தும் நாளை ஒரு நகைச்சுவை இயக்குநர் எழுந்து வருதல் கூடும். அவர் சொல்லும் கதையில் தேயிலைத் தூரின் அடியில் புதையல் இருக்க வேண்டிய அவசியமில்லை. அங்கே வேலை செய்யும் மனிதரின் மானம் இருந்தால் போதும்.